இரட்டைக் கூவல்

அத்தியாயம் ஆறு

டேப் ரெக்கார்டரில் எலும்பு முறியும் சத்தம் இரண்டாவது முறையாகக் கேட்டபோது ஆபிரகாம் டீ கிளாஸை மேசைமேல் வைத்துவிட்டான். சாவு வீட்டில்கூட டீயைப் பாதியில் வைக்கிற ஆளில்லை அவன்.

"நிறுத்தட்டுமா?" என்றாள் ரோகிணி.

"வேணாம். ஓடட்டும்," என்றாள் எதிரே உட்கார்ந்திருந்த மலீஹா. அவள் மடியில் ஒரு பஞ்சுப் பொட்டலம் திறந்து கிடந்தது. பஞ்சுக்கு நடுவில் வேரோடு பிடுங்கிய கடைவாய்ப் பல் ஒன்று. அவள் கணவர் முனீரின் பல். கேசட்டும் பல்லும் ஒரே பார்சலில் காலையில் வந்து சேர்ந்திருந்தன.

செங்கல்பட்டு கோர்ட்டுக்கு எதிர்ச் சந்தில், ஜெராக்ஸ் கடை மாடியில் இருந்தது ரோகிணியின் துப்பறியும் அலுவலகம். மேலதிகாரி ஒருவரின் கன்னத்தில் தன் ஐந்து விரலையும் பதித்துவிட்டு போலீஸ் வேலையிலிருந்து வெளியே வந்தவள் அவள். அவளுக்கு உதவியாளன் ஆபிரகாம். பாலிடெக்னிக்கில் மூன்று வருடம் படித்தான் என்று அவன் வீட்டில் இன்னமும் நம்பிக்கொண்டிருந்தார்கள். அந்த மூன்று வருடமும் அவன் எங்கே இருந்தான் என்பது பஸ் ஸ்டாண்டுக்குப் பின்னால் வீடியோ கேம்ஸ் கடை வைத்திருக்கும் முனீருக்குத்தான் தெரியும். அந்த முனீரைத்தான் இரண்டு நாளாகக் காணவில்லை.

கேசட்டில் ஒரு கரகரத்த குரல் பேசியது.

"மலீஹா பேகம். முட்டுக்காட்டு எடம் ஒன் பேர்ல கீது. இன்னிக்கு மத்தியானம் ரெஜிஸ்தர் ஆபீஸாண்ட ஒரு ஆளு பத்திரத்தோட நிப்பான். கையெழுத்தப் போட்டுட்டுப் போயிகினே இரு. சாயந்தரம் ஒன் வூட்டுக்காரன் வூடு வந்து சேருவான். போலீஸு கீலீஸுன்னு போனே, மீதிப் பல்லு மூட்டையா வரும்."

பிறகு முனீரின் குரல், மூச்சிரைக்க: "மலீஹா, போடாத! நீ போட்டாலும் இவனுங்க என்னை—"

இரும்பு எதிலோ மோதிய ஓசை. எலும்பு. அலறல். அதன் பின்னாலேயே விடாமல் ஒரு இரைச்சல்: டிஷ்யூம் டிஷ்யூம் என்று அடி, மேளம், யாரோ கூவுவது. டேப் நின்றது.

"நான்தான் மேடம் போலீஸ் வேணாம்னேன்," என்றார் மலீஹாவுக்குப் பக்கத்தில் நின்ற தாமோதரன். முனீரின் கூட்டாளி, கடையில் பாதிப் பங்கு, இரண்டு பேரும் டவுசர் போட்ட காலத்து சிநேகிதர்கள். அழுது அழுது அவர் கண் இரண்டும் கோவைப்பழமாகச் சிவந்திருந்தது. "போலீஸ் இல்லாட்டி உங்ககிட்டயாவது போயே ஆகணும்னு தங்கச்சி ஒத்தக்கால்ல நின்னுச்சு. நிலம் போனாப் போவுது. கையெழுத்தப் போட்டுட்டு முனீர மீட்டுக்கலாம் மேடம்."

"போட்டா மீட்க முடியாது. அவரே அதைத்தான் சொல்ல வந்தார். சொல்ல விடல," என்றாள் ரோகிணி. "கையெழுத்து விழற நிமிஷத்தோட அவர் உயிருக்கு அவனுங்ககிட்ட வேலை இல்ல."

ஆபிரகாம் குனிந்து டேப்பைப் பின்னோக்கி ஓட்டி மறுபடி போட்டான். காதை ஸ்பீக்கரில் ஒட்டவைத்துக் கேட்டான்.

"மேடம், பின்னால ஓடுதே, அது கோப்ரா ரிங்கு."

"பாம்பா?"

"சண்டை கேம் மேடம். ரெண்டு பேரு மோதுவாங்க. ஆளாளுக்கு ஒரு வித்தை இருக்கும். இதுல ஜூரோன்னு ஒரு கராத்தேக்காரன். பம்பரமா சுத்தி சுத்தி ஒதைப்பான். ஒதைக்கறப்ப 'ஹயாகோ'ன்னு கூவுவான். மொத பார்ட்டுல தரையில நின்னாத்தான் அந்த ஒதை வரும். ரெண்டாவது பார்ட்டுல எகிறி அந்தரத்துலயும் ஒதைக்கலாம். ஆனா ஒதைச்சுகினே நெருப்பு வுட முடியாது. எந்தக் கம்பெனிக்காரனும் அதுக்கு வழி வெக்க மாட்டான், ஆட்டமே பேஜாராயிடும். இப்போ கேளுங்க."

கேட்டார்கள். 'ஹயாகோ' முடிவதற்குள் நெருப்பு உறுமியது.

"இது திருட்டு போர்டு, மெஷினுக்குள்ள சொருகுற ஆட்டத் தகடு. கம்பெனி ஆட்டத்த எவனோ குடைஞ்சு, இல்லாத வித்தையெல்லாம் சேர்த்து வித்தது. பசங்க இத பேய் போர்டும்பாங்க. முனீர் பாய் அதக் கடைக்குள்ளயே சேர்க்க மாட்டாரு. இந்தச் சுத்துவட்டாரத்துல அது கீற ஒரே எடம் மகாபலிபுரம். தேவசகாயம்னு ஒருத்தரு கடை."

"பாலிடெக்னிக் வீண்போகல," என்றாள் ரோகிணி. அவள் கண் மின்னியது. "வேற?"

ஆபிரகாம் தலையைச் சொறிந்தான். மலீஹாவை ஒருமுறை பார்த்தான். சொல்லலாமா வேண்டாமா என்று தவித்து, கடைசியில் டேப்பை இன்னொரு முறை ஓட்டினான்.

"ஜூரோ ரெண்டு தடவ கூவறான் பாருங்க. 'ஹ' ன்னு ஒரு வெட்டு, அப்பறம் முழுசா 'ஹயாகோ'. சின்ன ஒதை, நடு ஒதை, பெரிய ஒதைன்னு மூணு பட்டன் மேடம். எல்லாரும் நடு பட்டனத்தான் அமுக்குவாங்க, அதுதான் ஆள கீழ தள்ளும். சின்னதையும் பெருசையும் ஒண்ணா அமுக்கினாத்தான் இப்படி ரெட்டையா கூவும். உலகத்துல அப்படி அமுக்குற ஆளு ஒருத்தருதான். முனீர் பாய். நாங்க ரெட்டைக் கூவல்னு கிண்டல் பண்ணுவோம். ஏன் பாய் இப்படின்னு கேட்டேன். மொத மெஷின் வாங்கினப்ப நடு பட்டன் செத்துக் கெடந்துச்சாம். அந்த மழைக்காலம் பூரா கோணி குடோன்ல வெச்சு அப்படியே ஆடி ஆடி வெரலு அதுலயே ஊறிடுச்சாம். கடை தொறக்கறப்ப பட்டன மாத்திட்டாரு. வெரல மாத்த முடியல."



"அதாவது," என்றார் தாமோதரன் மெதுவாக, "முனீரே… சேச்சே. அவன் அப்படிப்பட்டவன் இல்ல."

"நான் அப்படிச் சொல்ல வரல அண்ணாத்தே. ஆனா டேப்புல ஆடுறது பாய்தான்."

ஆபிரகாம் விட்டு வைத்த டீ கிளாஸ் காற்றில் பறந்து வந்து அவன் நெற்றியில் மோதி உடைந்தது. எறிந்தது மலீஹா. "அந்தப் பல்ல அவரே புடுங்கி எனக்கு அனுப்பினாரா? சொல்லுய்யா!"

நெற்றியிலிருந்து ரத்தமும் டீயும் சேர்ந்து வழிய, ஆபிரகாம் கைக்குட்டையைத் தேடினான். "சர்க்கரை கம்மியா போடச் சொன்னது நல்லதாப் போச்சு. எறும்பு வராது."

ரோகிணி சிரிக்கவில்லை. டேப்பை அவளே ஓட்டினாள். எலும்பு முறிகிற இடத்தில் விரலால் மேசையைத் தட்டிக் காட்டினாள். "அலறலும் ரெட்டைக் கூவலும் ஒரே நேரத்துல வருது. எலும்பு முறிஞ்சு அலறுறப்ப எவனாவது பட்டன் அமுக்குவானா? அலறுறது முனீர். ஆடுறது வேற ஆள்."

"வேற ஆளே கெடையாதே மேடம்!"

"இருக்கான். இல்லாட்டி சத்தம் வராது. தாமோதரன், உங்களுக்கு யாரையாவது சந்தேகமா?"

"எனக்கு அந்த ஆட்டத்துல மண்ணும் தெரியாது மேடம். கடைக்குப் போவேன், கல்லாவப் பாப்பேன், வருவேன்."

ரோகிணி எழுந்தாள். "மலீஹா, நீங்க ரெஜிஸ்தர் ஆபீஸுக்குப் போங்க. கண்ணாடி மறந்துட்டேன்னு சொல்லுங்க, மயக்கம் வருதுன்னு சொல்லுங்க, என்ன வேணா சொல்லுங்க. பேனாவை மட்டும் தொடாதீங்க."

"தொட மாட்டேன். அவர உயிரோட கொண்டாங்க," என்றாள் மலீஹா. பல்லைப் பஞ்சில் சுற்றி இடுப்பில் செருகிக்கொண்டாள்.

"என் வேன் கீழதான் நிக்குது. நானும் வர்றேன் மேடம்," என்றார் தாமோதரன்.

*

திருக்கழுக்குன்றம் தாண்டுமுன் தாமோதரன் வண்டியை பெட்ரோல் பங்குக்குள் திருப்பினார். நெற்றியில் பிளாஸ்திரியோடு பின்சீட்டில் இருந்த ஆபிரகாம் எட்டிப் பார்த்தான். முள் பாதிக்கு மேலே நின்றது.

"வண்டி கேக்குதா அண்ணாத்தே, நீங்க கேக்குறீங்களா?"

"வழியில நின்னுட்டா கஷ்டம் தம்பி. அப்படியே பக்கத்து எஸ்.டி.டி. பூத்துல தங்கச்சிக்கு ஒரு வார்த்தை தைரியம் சொல்லிட்டு வந்துடறேன். ரெஜிஸ்தர் ஆபீஸுக்கு எதிர்க்கடையில போன் கீது."

அவர் போய் வருகிறவரை ரோகிணி கண்ணை மூடிச் சாய்ந்திருந்தாள். தூங்குகிறாள் என்றே ஆபிரகாம் நினைத்தான். ஆனால் கண்ணைத் திறக்காமலே அவள் கேட்டாள்: "கோப்ரா ரிங் ரெண்டு பேர் ஆடுற ஆட்டம்னு சொன்னே இல்ல?"

"ஆமா மேடம். தனியாவும் மெஷினோட ஆடலாம். ஆனா பாய்க்கு அது புடிக்காது. எதிராளி திட்டாத ஆட்டம் ஒரு ஆட்டமாம்பாரு."

"ம்," என்றாள் அவள்.

மாமல்லபுரத்தில் வெயில் சுள்ளென்று காய்ந்தது. தெருவுக்குத் தெரு உளிச் சத்தம். கருங்கல்லில் நூறு உளி ஒரே நேரத்தில் விழுகிற ஊரில், ஒரு மனிதனை நிதானமாக அடித்தே கொல்லலாம். அடுத்த கடைக்காரருக்குக்கூடக் கேட்காது. தேவசகாயத்தின் கடை பஸ் நிலையத்துக்கு அடுத்த சந்தில், சிற்பப் பட்டறைக்கும் கிளிஞ்சல் மாலைக் கடைக்கும் நடுவில் ஒடுங்கியிருந்தது. ஷட்டர் பாதி இறங்கியிருந்தது.

"நீங்க இறங்குங்க. வண்டிய நிழலா பாத்து விட்டுட்டு வர்றேன்," என்றார் தாமோதரன்.

ஷட்டருக்கடியில் குனிந்து முதலில் நுழைந்தவன் ஆபிரகாம். உள்ளே இருட்டில் மெஷின்கள் நாலு, திரைகளில் வெளிச்சத்தைக் கொட்டிக்கொண்டு யாருமில்லாமல் தாமாகவே சண்டை போட்டுக்கொண்டிருந்தன. செருப்பு எதிலோ வழுக்கியது. குனிந்து பார்த்தான். ரத்தம்.

தேவசகாயம் கல்லா மேசைக்கடியில் கவிழ்ந்து கிடந்தார். மேசைக் கண்ணாடியில் அவர் முகத்தை யாரோ மோதியிருக்கிறார்கள், ஒரு தடவை இல்லை. கன்னத்தில் ஒரு கண்ணாடித் துண்டு நட்டுக்கொண்டு நின்றது.

"மேட—"

மெஷினுக்குப் பின்னாலிருந்து வந்த இரும்புத் தடி அவன் தோளில் இறங்கியது. ஆபிரகாம் மண்டியிட்டு விழுந்தான். பனைமரம் மாதிரி ஒருவன். கறுப்பு பனியன். தரையில் ஊன்றியிருந்த ஆபிரகாமின் வலது கைமேல் அவன் செருப்புக்காலை வைத்து, பீடியை அணைக்கிற மாதிரி திருகினான். விரல்கள் மளுக்கென்றன.

"நாஸ்தா துன்னியா? இல்லாட்டி இத்தத் துன்னு!" தடி மறுபடி ஓங்கியது.

அந்தக் கரகரத்த குரல் கேசட்டில் கேட்ட குரல்தான்.

தடி இறங்கவில்லை. ரோகிணி இரும்பு ஸ்டூலைத் தூக்கி அவன் முழங்கையில் விளாசியிருந்தாள். தடி எகிறி ஒரு திரையை உடைத்தது. அடுத்த வீச்சு அவன் காதோடு சேர்ந்தது. காது கிழிந்து தொங்க, அவன் அவள் வயிற்றில் ஒரு உதை விட்டான். அவள் சுவரில் மோதிச் சரிந்தாள். அந்த இடைவெளியில் பின்கதவை உடைத்துக்கொண்டு பாய்ந்தான். வெளியே ஒரு மோட்டார் பைக் சீறிக் கிளம்பியது.

"உசுரோட இருக்கியா?" என்றாள் ரோகிணி வயிற்றைப் பிடித்துக்கொண்டு.

"மூணு சான்ஸுல ஒண்ணு போச்சு மேடம்," என்றான் ஆபிரகாம். வலதுகை விரல்கள் அவன் சொன்ன பேச்சைக் கேட்கவில்லை.

ரோகிணி தேவசகாயத்தின் தலையை மடியில் ஏந்தினாள். அவர் உதடு அசைந்தது.

"செல்வராஜு… போன மாசம் எங்கிட்ட ஒரு மெஷின் வாங்கிகினு போனான்… பேய் போர்டு ரெண்டு வெச்சிருந்தேன்… ஒண்ணு இங்க… ஒண்ணு அவனாண்ட… எங்க வெச்சிக்கீறேன்னு எவனாவது கேட்டா வாயத் தொறக்காதன்னு…" இருமினார். ரத்தம் வந்தது. "கொக்கிலமேடு… மூடிப்போன எறாப் பண்ணை… கடலு பக்கத்துல…"

"கடல் பக்கத்துல," என்று தனக்குள் சொன்னாள் ரோகிணி. "அதுக்குத்தான் மெஷின். டேப்புல அலைச் சத்தம் விழக்கூடாதுன்னு அதைப் போட்டு மறைச்சிருக்கான். சும்மா போட்டு விட்டிருந்தா தப்பிச்சிருப்பான். கை சும்மா இருக்கல. உக்காந்து ஆடியிருக்கான்."

ஷட்டர் சரசரத்தது. தாமோதரன் நுழைந்தார். தேவசகாயத்தைப் பார்த்ததும் வாயைப் பொத்திக்கொண்டார். "அய்யோ! ஏதாவது சொன்னாரா?"

ரோகிணியின் விரல் தேவசகாயத்தின் உதட்டின்மேல் லேசாகப் படிந்தது. "பேச்சு மூச்சில்ல," என்றாள்.

ஆபிரகாம் வாயைத் திறந்தான். அவள் பார்த்த பார்வையில் மூடிக்கொண்டான்.

*

பட்டறை ஆட்கள் இரண்டு பேர் தேவசகாயத்தை ஆட்டோவில் தூக்கிப் போட்டுக்கொண்டு ஆஸ்பத்திரிக்குப் போனார்கள். போலீஸுக்கும் போன் போட்டுவிடும்படி அவர்களிடம் ரோகிணி காதோடு சொன்னாள். பிறகு மூலையில் ஓடிக்கொண்டிருந்த மெஷினைக் காட்டினாள். திரையில் வெள்ளை உடையில் ஜூரோ, எதிரே ஒரு மொட்டைத்தலை ராட்சசன்.

"டேப்புல கேட்டது இந்தச் சத்தம்தானான்னு ஒரு தடவ பாத்துட்டுப் போயிடலாம். ஒரே நிமிஷம். ஆபிரகாம், ஆடு."

ஆபிரகாம் வீங்கிய கையைக் காட்டினான். "இந்தக் கையில சட்டை பட்டன் போட்டாலே பெரிய விஷயம்."

"அப்போ தாமோதரன், நீங்க நில்லுங்க."

"எனக்குத் தெரியாதே மேடம்! அங்க முனீர் உயிரு ஊசலாடுது, இங்க நின்னு கேம் ஆடுறதா?"

"அவருக்காகத்தான். இவன் சொல்லுவான், நீங்க அமுக்குங்க."

மறுக்க முடியாத இடத்தில் அவரைக் கொண்டுவந்து நிறுத்தியிருந்தாள். தாமோதரன் திரையில் ஆளை நகர்த்தும் கட்டையைப் பிடித்தார். பிடித்த விதமே பிடிக்கத் தெரியாதவன் பிடிக்கிற மாதிரிதான் இருந்தது. விளக்குமாற்றுக் கட்டையைப் பிடிப்பதுபோல. ஜூரோ குதித்தான், நடந்தான், சும்மா நின்றான். மொட்டைத்தலை அவனைத் தூக்கித் தரையில் அடித்தது.

"அந்தாண்ட நகருங்க அண்ணாத்தே! அடி வாங்கிகினே கீறீங்க!" ஆபிரகாம் உண்மையாகவே பதறினான். இந்த ஆட்டத்தைச் சும்மா பார்த்துக்கொண்டு நிற்க அவனால் என்றைக்குமே முடியாது. "பேய் போர்டுல மொட்டை ரெண்டு மடங்கு வேகம். எகிறுங்க! எகிறுங்கன்றேன்!"

மொட்டைத்தலை மறுபடி தூக்கியது. மறுபடி அடித்தது. ஜூரோவின் உயிர்க்கோடு சிவந்து சுருங்கியது. தாமோதரனின் தாடை இறுகியது.

"அவ்ளோதான், செத்தான்," என்றாள் ரோகிணி அலட்சியமாக. "மொட்டைகிட்ட ஆகாது. முனீரா இருந்தா ஜெயிச்சிருப்பார்."

மொட்டைத்தலை கடைசி அடிக்குப் பாய்ந்து வந்தது. தாமோதரனின் கட்டைவிரல் மடங்கியது. ஆட்காட்டி விரலும் மோதிர விரலும் பட்டன்மேல் ஒன்றாக இறங்கின. நடு விரல் தூக்கியே நின்றது.

ஹ— ஹயாகோ!

அந்தரத்தில் சுழன்ற ஜூரோ மொட்டைத்தலையை மண்ணைக் கவ்வ வைத்தான். நெருப்பு உறுமியது. ஆபிரகாம் தாமோதரனின் விரல்களையே பார்த்தான்.

"அந்த மழைக்காலம் பூரா குடோன்ல முனீர் ஆடினார்," என்றாள் ரோகிணி. "எதிராளி திட்டாத ஆட்டம் அவருக்குப் பிடிக்காது. அதே செத்த பட்டன் மெஷின்ல எதிரே நின்னு திட்டினது யாருன்னுதான் திருக்கழுக்குன்றத்துலேர்ந்து யோசிச்சுகிட்டு வந்தேன். டாங்க் பாதி நிரம்பின வண்டிக்கு பெட்ரோல் போடற சாக்குல போன் பேசிட்டு வந்தீங்க, நமக்கு முன்னாடியே இங்க ஒரு தடி வந்து காத்திருக்குது. இருந்தாலும் சந்தேகம் வேற, சாட்சி வேற. உங்க விரலே சொல்லிடுச்சு."

தாமோதரன் திரும்பவில்லை. திரையைப் பார்த்தபடியே சிரித்தான். "வெரலு நாய் மாதிரி மேடம். பழகினத வுடாது."

சொல்லிக்கொண்டே கல்லாவிலிருந்த கண்ணாடித் துண்டை உருவி அவள் கழுத்துக்கு வீசினான். ரோகிணி முகத்தைத் திருப்பினாள். கழுத்துக்கு வந்தது தோளைக் கிழித்தது. அவன் அவளைச் சுவரோடு நெட்டி, முழங்கையால் அவள் தொண்டையை அழுத்தினான். அழுது சிவந்திருந்த அந்தக் கண்களில் இப்போது சொட்டு ஈரமில்லை.

"கடை ஓடுறது என் கைராசி. சம்பாதிக்கறது நானு. மாமனார் கொடுத்த முட்டுக்காட்டு எடத்துல ஒக்காந்துகினு கோடீஸ்வரன் ஆவறது அவனா?"

ஆபிரகாம் இடதுகையால் மெஷினின் கரண்ட் ஒயரை உருவி, பின்னாலிருந்து அவன் கழுத்தில் போட்டு முழு எடையோடு தொங்கினான். பிடி தளர்ந்தது. மூச்சு வந்த அடுத்த நொடி, ரோகிணி தாமோதரனின் தலைமுடியைக் கொத்தாகப் பற்றி அவன் வாயைப் பட்டன் பலகைமேல் மோதினாள். ஒரு தடவை. இன்னொரு தடவை. பல் தெறிக்கிறவரை.

"மலீஹாவுக்கு நீ அனுப்பின பல்லுக்கு வட்டி," என்றாள் மூச்சிரைக்க. "பண்ணையில எத்தனை பேரு?"

"ஒ… ஒருத்தன்தான். செல்வராஜு. இந்நேரம் போயிருப்பான். ஏதாவது எசகுபிசகாச்சுன்னா முனீர முடிச்சுடுன்னு சொல்லிக்கீறேன்."

*

அதே ஒயரால் தாமோதரனின் கையைப் பின்னால் கட்டி வேனில் எறிந்தார்கள். இடதுகையாலேயே ஸ்டியரிங்கையும் கியரையும் மாற்றி மாற்றிப் பிடித்து ஆபிரகாம் ஓட்டிய ஓட்டத்தில், வழியிலிருந்த ஆட்டுக்குட்டிகளெல்லாம் கர்த்தரை நினைத்துக்கொண்டு விலகின. சவுக்குத் தோப்பைத் தாண்டியதும் கடல். கடலை ஒட்டி ஆஸ்பெஸ்டாஸ் கூரை பாதி பறந்துபோன இறால் பண்ணை. வாசலில் மோட்டார் பைக், இன்னும் சூட்டோடு.

உள்ளே சிமெண்ட் தொட்டிகள் வரிசையாக. ஒன்றில் மட்டும் தண்ணீர். அதில் இடுப்பளவுக்கு இறங்கி நின்றான் செல்வராஜ். கிழிந்த காதிலிருந்து ரத்தம் பனியனில் வழிந்துகொண்டிருந்தது. அவன் ஒரு காலால் எதையோ மிதித்துப் பிடித்திருந்தான். தண்ணீருக்கு வெளியே ஒரு கை மட்டும் தொட்டி விளிம்பைப் பிராண்டியது.

ரோகிணி தாமோதரனைப் பிடரியைப் பிடித்து இழுத்துவந்து தொட்டிக்கு முன்னால் மண்டியிட வைத்தாள். "காலை எடு! உன் முதலாளி இங்கே எங்கிட்ட இருக்கான்!"

செல்வராஜ் நிமிர்ந்து பார்த்தான். சிரித்தான். "இருந்தா வெச்சிக்கோ. நான் இன்னா அவன் பொண்டாட்டியா?" இன்னும் அழுத்தி மிதித்தான். விளிம்பைப் பிராண்டிய கை நழுவியது.

ரோகிணி யோசிக்கவில்லை. சுவரில் சாத்தியிருந்த இரும்பு பைப்பை எடுத்துக்கொண்டு தொட்டிக்குள் குதித்தாள். அவன் அவள் தலைமுடியைப் பிடித்துத் தண்ணீருக்குள் அமுக்கினான். தண்ணீர் கொப்பளித்தது, சிவந்தது. ஆபிரகாம் மறுபக்கத்திலிருந்து இறங்கி, அடியில் தடவி, ஒரு சட்டைக் காலரைப் பிடித்தான். மேலே இழுக்கப் பார்த்தான். வரவில்லை. மிதித்த கால் மலைபோல் நின்றது.

அந்தக் கால் திடீரென்று மடங்கியது. தண்ணீருக்கடியிலிருந்தே ரோகிணி பைப்பை அவன் முழங்காலில் குத்தியிருந்தாள். அவன் ஊளையிட்டுக் குனிந்தான். தண்ணீரைக் கிழித்துக்கொண்டு எழுந்தவள் இரண்டு கையாலும் பைப்பைச் சுழற்றி அவன் தாடையில் இறக்கினாள். தாடை கழன்று ஒரு பக்கமாகத் தொங்கியது. செல்வராஜ் தொட்டி விளிம்பில் மண்டை மோதி, அப்படியே துவண்டு தொங்கினான்.

முனீரைத் தரைக்குக் கொண்டுவந்து கிடத்தினார்கள். மூச்சில்லை. முகம் அடையாளம் தெரியாமல் வீங்கியிருந்தது. ஒரு கண் முழுக்க மூடிக்கிடந்தது. வலது முன்கை நடுவில் இன்னொரு மூட்டு முளைத்ததுபோல் வளைந்திருந்தது.

"பாய்! பாய், எழுந்திரு பாய்!" ஆபிரகாம் அவர் நெஞ்சின்மேல் ஏறி இடதுகையால் அமுக்கினான். உடைந்த கையையும் சேர்த்து வைத்து அமுக்கினான். வலி உச்சந்தலைக்கு ஏறியது, விடவில்லை. "மூணு வருஷம் என் படிப்ப முழுங்கினியே, அதுக்காவது எழுந்திரு பாய்!"

வாயிலிருந்து கலங்கல் தண்ணீர் பீறிட்டது. முனீர் இருமினார். நெஞ்சு ஏறி இறங்கியது.

ரோகிணி சொட்டச் சொட்ட உட்கார்ந்து அவர் காதருகே குனிந்தாள். "உங்க வீட்டுக்காரம்மா கையெழுத்துப் போடல. எல்லாம் முடிஞ்சுது. இனி பயமில்ல."

முனீரின் ஒற்றைக் கண் திறந்து மூடித் திறந்தது. கூரையைப் பார்த்தது, ஆபிரகாமைப் பார்த்தது. பிறகு தொட்டிக்கு அந்தப் பக்கம் மண்டியிட்டிருந்த தாமோதரனிடம் போய் நின்றது. பின்னால் கட்டிய கை. கிழிந்த உதடு. தெறித்துப்போன பல்.

"தாமு!" முனீர் எழுந்திருக்கப் பார்த்து விழுந்தார். "தாமு, ஒன்னையும் இப்படி அடிச்சிட்டாங்களாடா?"

தாமோதரன் தலையைக் கவிழ்த்தான்.

"இவனும் இங்கதான் அடைஞ்சு கெடந்தான்," என்றார் முனீர் ஆபிரகாமின் சட்டையைப் பிடித்துக்கொண்டு. மூச்சு அறுந்து அறுந்து வந்தது. "பக்கத்து ரூம்ல ரெட்டைக் கூவல் கேட்டுச்சு, என்னை வுட்டா இவன் ஒருத்தன்தான் அப்படி ஆடுவான். அவனுங்க ஆட வுட்டிருக்கானுங்க. நான் இங்கதான் கீறேன் முனீரு, தைரியமா இருன்னு எனக்குச் சொல்றதுக்குத்தான் ஆடுறான்னு தெரிஞ்சுபோச்சு. அதக் கேட்டுகினேதான் அத்தனை அடியும் தாங்கினேன். மொதல்ல அவன் கட்ட அவுத்து வுடுங்க. என்னை அப்பறம் பாக்கலாம்."

ஆபிரகாம் ரோகிணியைப் பார்த்தான். அவள் முகத்தில் வழிந்த தண்ணீரைத் துடைத்துக்கொண்டாள்.

"அந்தக் கட்டு இருக்கட்டும் பாய்," என்றாள். "அதைப் போட்டதே நான்தான்."

முனீருக்கு முதலில் புரியவில்லை. அவளைப் பார்த்தார். தாமோதரனைப் பார்த்தார். ஒரு வார்த்தை, ஒரு மறுப்பு வரும் என்று காத்திருப்பவர்போல் அந்த ஒற்றைக் கண்ணால் பார்த்துக்கொண்டே இருந்தார். தாமோதரன் முகத்தைக் கடல் பக்கம் திருப்பிக்கொண்டான்.

கை முறிந்து தொங்கியும், கண் விழித்ததிலிருந்து முனகக்கூடச் செய்யாமலிருந்த முனீர், அப்போதுதான் வாயைத் திறந்து அலறினார்.